வெட்டு வழக்கில் ஜாமீன், கொலை வழக்கில் இல்லை: நீதிமன்றம் எப்படி முடிவெடுக்கிறது?

சுங்கை சிப்புட் பக்கம் ஒரு செம்பனைத் தோட்டம். திருவிழா இரவில் இரண்டு கூட்டத்துக்குக் கைகலப்பு. பாராங்கத்தியால் வெட்டுப்பட்டவர் மருத்துவமனையில் பிழைத்துக்கொள்கிறார். வெட்டியதாகக் கைதானவர் சில நாள்களில் ஜாமீனில் வீடு திரும்புகிறார். அடுத்த மாதம் அதே மாதிரி இன்னொரு சண்டை. இந்த முறை அடிபட்டவர் மூன்றாம் நாள் இறந்துவிடுகிறார். கைதான நான்கு பேரில் ஒருவருக்கும் ஜாமீன் இல்லை. கையில் எதுவும் இல்லாமல் ஓரமாக நின்றதாகச் சொல்லும் பையனுக்கும் இல்லை.

இரண்டும் விளக்கத்துக்காக நான் அமைத்த சம்பவங்கள். ஆனால் இப்படி நடக்கும்போது ஒட்டுக்கடையில் எழும் பேச்சு நாம் எல்லாரும் கேட்டதுதான். "அவன் காசு கொடுத்துட்டான்", "இவனுக்கு நல்ல லாயர் அமையல", "ஜாமீன் கெடைச்சிருச்சுன்னா கேஸ் ஒண்ணுமில்லன்னு அர்த்தம்". மூன்றுமே பிழையான கணக்கு.

கடுமையான குற்ற வழக்குகளில், குற்றச்சாட்டுத் தாளில் எந்தப் பிரிவு எழுதப்பட்டிருக்கிறது என்பதே பாதிக்கு மேல் முடிவு செய்துவிடுகிறது. நீதிபதி வாய் திறப்பதற்கு முன்பே அது நடந்துவிடுகிறது. மிச்சமிருக்கும் பாதியில்தான் குடும்பத்தால் ஏதாவது செய்ய முடியும். நம் குடும்பங்கள் அதைத் தாமதமாகத் தொடங்குகின்றன. இந்தக் கட்டுரை அதற்காகத்தான்.

முதல் குழப்பம்: ரிமாண்ட் வேறு, ஜாமீன் வேறு

கைதானவரை 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும் என்று மலேசியக் கூட்டரசு அரசியலமைப்பின் 5-ஆவது விதி சொல்கிறது. அதற்கு மேல் வைத்து விசாரிக்க, குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 117-ஆவது பிரிவின்கீழ் போலீஸ் அனுமதி கேட்கும். இதுதான் ரிமாண்ட்.

இதற்குக் கணக்கு உண்டு. 14 ஆண்டுக்குக் குறைவான சிறைத்தண்டனைக் குற்றமென்றால் முதலில் அதிகபட்சம் 4 நாள், நீட்டித்தால் இன்னொரு 3 நாள். 14 ஆண்டோ அதற்கு மேலோ என்றால் முதலில் 7, பிறகு 7. கொலை விசாரணையில் ஒருவர் இரண்டு வாரம் லோக்காப்பில் இருப்பது இதனால்தான்.

அந்த நாள்களில் "எப்போ ஜாமீன் எடுக்கலாம்?" என்று நிலைய வாசலில் காத்திருப்பவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். இன்னும் குற்றம் சாட்டப்படவில்லை. ஆகவே நீதிமன்ற ஜாமீன் என்ற கேள்வியே அங்கு எழவில்லை. விசாரணை அதிகாரி விரும்பினால் போலீஸ் ஜாமீனில் விடலாம். இல்லையென்றால் ரிமாண்ட் முடிந்து, நீதிமன்றத்தில் குற்றச்சாட்டு வாசிக்கப்படும் அந்தக் காலைதான் ஜாமீனின் முதல் வாய்ப்பு. அது சில நிமிடங்களில் முடிந்துவிடும்.

சட்டத்தில் இருக்கும் மூன்று கதவுகள்

1. திறந்த கதவு. ஜாமீனில் விடக்கூடிய குற்றங்கள், குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 387-ஆவது பிரிவு. கையால் அடித்துக் காயம் விளைவித்தல் (தண்டனைச் சட்டம் 323) இந்த வகை. இங்கு ஜாமீன் ஓர் உரிமை. குற்றஞ்சாட்டப்பட்டவர் ஜாமீன்தாரரைக் கொண்டுவந்தால் விட்டே ஆக வேண்டும்.

2. நீதிபதி கையில் சாவி உள்ள கதவு. ஜாமீனில் விட முடியாதவை என்று பட்டியலிடப்பட்ட குற்றங்கள், 388-ஆவது பிரிவு.

3. பூட்டிய கதவு. மரண தண்டனையோ ஆயுள் தண்டனையோ விதிக்கக்கூடிய குற்றங்கள். கூடவே, ஜாமீனே கூடாது என்று தனிச் சட்டங்கள் சொல்லும் குற்றங்கள்.

ஒரு குற்றம் எந்த வகை என்பதைக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் முதல் அட்டவணையில், பிரிவு வாரியாகப் பார்த்துக்கொள்ளலாம்.

இரண்டாவது கதவின் பெயர்தான் நம்மை ஏமாற்றுகிறது. "தாக் போலே ஜாமின்" (ஜாமீன் எடுக்க முடியாது) என்று நிலையத்தில் யாரோ சொன்னதைக் கேட்டு, ஜாமீனே கிடையாது என்று நினைத்து வீட்டுக்குத் திரும்பிவிடுகிறார்கள். அந்தச் சொல்லுக்கு அது பொருள் கிடையாது. 'உரிமையாகக் கேட்க முடியாது, நீதிமன்றம் மனது வைத்தால் கொடுக்கலாம்' என்பதுதான் பொருள். ஆயுதத்தால் கொடுங்காயம் விளைவிக்கும் 326-ஆவது பிரிவுக்கு 20 ஆண்டுவரை சிறை. அதுவும் இந்த இரண்டாவது வகைதான். முதல் சம்பவத்தில் வெட்டியவர் வெளியே வந்தது இந்தக் கதவு வழியாக.

நாடே பார்த்த எடுத்துக்காட்டு ஒன்றும் உண்டு. 2018 ஜூலை 4-ஆம் தேதி முன்னாள் பிரதமர் நஜிப் ரசாக் மீது எஸ்ஆர்சி வழக்கில் நம்பிக்கை மோசடி, அதிகார முறைகேடு குற்றச்சாட்டுகள் சுமத்தப்பட்டன. ஒவ்வொன்றுக்கும் 20 ஆண்டுவரை சிறை. ஆனாலும் 10 லட்சம் ரிங்கிட், இரண்டு ஜாமீன்தாரர்கள், கடப்பிதழ் ஒப்படைப்பு என்ற நிபந்தனைகளில் ஜாமீன் கிடைத்தது. பெரிய மனிதர் என்பதால் சட்டம் வளைந்தது என்று அன்று பலர் பேசினார்கள். சட்டப்படி அந்தக் குற்றங்கள் இரண்டாவது கதவுக்குள்தான் இருந்தன. ஓர் ஏழையின் 20 ஆண்டுக் குற்றச்சாட்டுக்கும் அதே கதவுதான். வேறுபடுவது, அதைத் தட்ட அவரிடம் என்ன இருக்கிறது என்பது.

கொலைக் குற்றச்சாட்டில் என்ன நடக்கிறது

388-ஆவது பிரிவின் வாசகம் இதுதான்: மரண தண்டனையோ ஆயுள் தண்டனையோ விதிக்கக்கூடிய குற்றத்தை ஒருவர் செய்திருக்கிறார் என்று நம்ப நியாயமான காரணம் தென்பட்டால், அவரை விடக்கூடாது.

இங்கு ஒரு புதிய குழப்பம். 2023 ஜூலை 4 முதல் கட்டாய மரண தண்டனை ஒழிக்கப்பட்டுவிட்டது. கொலைக்கு (302) இப்போது மரண தண்டனை, அல்லது 30 முதல் 40 ஆண்டு சிறையும் 12-க்குக் குறையாத பிரம்படியும். "தூக்கு கட்டாயம் இல்லையே, அப்புறம் ஏன் ஜாமீன் கிடையாது?" என்று கேட்கிறார்கள். கேள்வி நியாயமானது. ஒழிந்தது 'கட்டாயம்' மட்டும். மரண தண்டனை இன்னும் அந்தப் பிரிவில் இருக்கிறது. 388 கேட்பது, அந்தத் தண்டனை விதிக்கக்கூடியதா என்பதைத்தான். விதிக்கக்கூடியதாக இருக்கும்வரை பூட்டும் இருக்கும்.

ஓரமாக நின்ற பையன் ஏன் மாட்டிக்கொண்டான்? தண்டனைச் சட்டத்தின் 34-ஆவது பிரிவு, பொது நோக்கத்தோடு பலர் சேர்ந்து செய்த காரியத்துக்கு ஒவ்வொருவரும் தனியாகச் செய்தது போலவே பொறுப்பு என்கிறது. ஒரே குற்றச்சாட்டில் நால்வர் பெயரும் 302, 34 என்று சேர்ந்து வந்தால், ஜாமீன் கட்டத்தில் நால்வரும் ஒரே இடத்தில் நிற்கிறார்கள். யார் வெட்டியது, யார் பார்த்துக்கொண்டிருந்தது என்று பிரித்துப் பார்ப்பது முழு விசாரணையின் வேலை. ஜாமீன் மனுவில் நீதிமன்றம் சாட்சிகளைக் கூண்டில் ஏற்றி உண்மை பொய் பார்ப்பதில்லை. என் மனத்துக்கு இந்தச் சட்டத்தில் மிகக் கடினமான இடம் இதுதான். கடைசியில் விடுதலையாகிறவரும் அதுவரை உள்ளேயே இருக்க வேண்டியிருக்கிறது. தண்டனை பெற்றால், கைதான நாளிலிருந்து சிறைக்காலத்தைக் கணக்கிடும்படி நீதிபதி உத்தரவிடலாம். விடுதலையானால் போன நாள்களை எதில் கழிப்பது?

நடைமுறையில் கொலைக் குற்றச்சாட்டு முதலில் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் வாசிக்கப்படும். "புரிகிறதா?" என்று கேட்பார்கள். குற்றத்தை ஒப்புக்கொள்கிறாரா என்று கேட்க மாட்டார்கள், ஏனென்றால் மரண தண்டனை வழக்கை விசாரிக்கும் அதிகாரம் உயர்நீதிமன்றத்துக்கு மட்டுமே. பிரேதப் பரிசோதனை அறிக்கைக்காக அடுத்த தேதி குறிப்பார்கள். ஜாமீன் கேட்க வேண்டுமானால் உயர்நீதிமன்றத்துக்கு மனு போட வேண்டும். சுங்கை சிப்புட் குடும்பத்துக்கு அது ஈப்போவுக்கோ தைப்பிங்குக்கோ அலையும் வேலை.

பூட்டிய கதவிலும் ஒரு சின்ன வழி

388-இன் விதிவிலக்கு மூன்று வகையினரைத் தனியே வைக்கிறது: 16 வயதுக்குக் கீழ்ப்பட்டவர், பெண், நோயாளி அல்லது உடல் தளர்ந்தவர். இவர்களை, கொலைக் குற்றச்சாட்டாக இருந்தாலும், நீதிமன்றம் ஜாமீனில் விடலாம். 'விடலாம்' என்றுதான் இருக்கிறது, 'விட வேண்டும்' என்று இல்லை. பெண் என்ற ஒரே காரணம் போதாது, இன்னும் சில காரணங்கள் வேண்டும் என்று நீதிமன்றங்கள் சொல்லி வந்திருக்கின்றன.

2002-இல் பங்சாரில் நடந்த துப்பாக்கிச்சூட்டில் கொலைக் குற்றம் சாட்டப்பட்ட வழக்கறிஞர் டத்தோ பல்வந்த் சிங் அப்போது 80 வயதைக் கடந்தவர். உடல்நிலையை முன்வைத்து அவருக்கு ஜாமீன் கிடைத்தது. "நோயாளி" என்பதற்கு வீட்டார் வாய்ச்சொல் போதாது. என்ன நோய், சிறையில் வைத்துக் கவனிக்க முடியுமா முடியாதா என்று மருத்துவ அறிக்கை பேச வேண்டும். இனிப்புநீர், இரத்தக் கொதிப்பு மாத்திரைச் சீட்டை மட்டும் நீட்டி ஜாமீன் எதிர்பார்ப்பது வீண்.

16 முதல் 18 வயதுக்குள் இருக்கும் பிள்ளைகள் இடையில் சிக்கிக்கொள்கிறார்கள். 2001-ஆம் ஆண்டுச் சிறார் சட்டப்படி 18-க்குக் கீழே எல்லாரும் சிறார். ஜாமீனில் விடுவதுதான் அந்தச் சட்டத்தின் பொது விதி. ஆனால் கொலை போன்ற கடுங்குற்றங்களை அதுவும் விலக்கி வைத்திருக்கிறது. 388-இன் சலுகையோ 16-ஐத் தாண்டியவருக்கு இல்லை. பதினேழு வயதுப் பையனின் அம்மாவிடம், "ஸ்கூல் புள்ளைதானே, விட்டுருவாங்க" என்று யாரும் சொல்லாதீர்கள்.

போதைப்பொருள்: எடைதான் ஜாமீன்

தோட்டப்புறக் குடும்பங்கள் அதிகம் அடிபடும் இடம் இது. 1952-ஆம் ஆண்டு அபாயகர போதைப்பொருள் சட்டத்தின் 41பி பிரிவு, மரண தண்டனைக் குற்றத்துக்கும் 5 ஆண்டுக்கு மேல் சிறை விதிக்கக்கூடிய குற்றத்துக்கும் ஜாமீன் கூடாது என்கிறது. 5 ஆண்டும் அதற்குக் குறைவும் என்றால்கூட, பொதுநலனுக்கு ஏற்றதில்லை என்று அரசுத் தரப்பு எழுத்தில் சான்றளித்தால் கதவு மூடிவிடும்.

சியாபு எனப்படும் மெத்தம்பெட்டமைனை எடுத்துக்கொண்டால் கணக்கு இப்படி வரும்:

1. 5 கிராமுக்குக் கீழே வைத்திருந்தால், 5 ஆண்டுவரை சிறை. ஜாமீன் கேட்கலாம்.
2. 5 கிராம் முதல் 30 கிராமுக்குள் என்றால் 39ஏ(1), 2 முதல் 5 ஆண்டு. இதிலும் கேட்கலாம்.
3. 30 கிராமும் மேலும் என்றால் 39ஏ(2), ஆயுள்வரை போகும். ஜாமீன் இல்லை.
4. 50 கிராமும் மேலும் என்றால் கடத்தல் என்றே சட்டம் அனுமானிக்கும். 39பி, மரண தண்டனைப் பிரிவு.

கைதான அன்று போலீஸ் நிறுக்கும் எடையில் கலப்படமும் சேர்ந்திருக்கும். வேதியியல் துறை அறிக்கை வந்தால்தான் சுத்தமான போதைப்பொருளின் எடை தெரியும். அப்போது குற்றச்சாட்டு 39பியிலிருந்து கீழே இறங்குவதுண்டு. பிரிவு மாறிய அன்றே ஜாமீன் நிலைமையும் மாறுகிறது. ஆகவே வேதியியல் அறிக்கைக்காகக் குறித்த தேதியில் குடும்பத்தார் வராமல் இருந்துவிடக் கூடாது.

சோஸ்மா எனப்படும் 2012-ஆம் ஆண்டுப் பாதுகாப்புக் குற்றச் சட்டம் இன்னொரு பூட்டு. குண்டர் கும்பல் குற்றச்சாட்டுகள் (தண்டனைச் சட்டம் 130வி போன்றவை) இதன்கீழ் வருவதால் நம் இளைஞர்கள் பலர் இதில் சிக்குகிறார்கள். அதன் 13-ஆவது பிரிவு ஜாமீனைத் தடுத்து, 18 வயதுக்குக் கீழ்ப்பட்டவர், பெண், நோயாளி என்று சிறு விலக்கு மட்டும் வைத்தது. விடுதலைப் புலிகள் தொடர்பு என்று 2019 அக்டோபரில் கைதான 12 பேரின் வழக்கு பலருக்கு நினைவிருக்கும். அந்த வழக்கில் 2019 நவம்பர் 29-ஆம் தேதி கோலாலம்பூர் உயர்நீதிமன்றம், நீதிபதியின் அதிகாரத்தை அந்தப் பிரிவு பறிப்பதால் அது அரசியலமைப்புக்கு முரண் என்றது. 2020 பிப்ரவரியில் 12 பேர் மீதான குற்றச்சாட்டுகளும் மீட்டுக்கொள்ளப்பட்டன.

இரண்டாவது கதவில் நீதிபதி எதைப் பார்க்கிறார்

1948-இல் தீர்ப்பான வீ சுவீ சியாங் வழக்கு சொன்ன அம்சங்களைத்தான் மலேசிய நீதிமன்றங்கள் இன்றும் எடுத்துப் பார்க்கின்றன. குற்றத்தின் தன்மை, தண்டனையின் கடுமை, குற்றஞ்சாட்டப்பட்டவரின் குணம், வசதி, அந்தஸ்து, ஓடிவிடும் ஆபத்து, சாட்சிகளைக் கலைக்கும் ஆபத்து, குற்றத்தைத் திரும்பச் செய்யும் ஆபத்து, தற்காப்பு வாதத்தைத் தயாரிக்கும் வாய்ப்பு, வழக்கு முடிய ஆகும் காலம். எல்லாவற்றுக்கும் அடியில் இருப்பது ஒரே கேள்வி: இவர் வழக்குத் தேதிக்கு வருவாரா?

ஓடிவிடும் ஆபத்து என்று வரும்போது தோட்டத் தொழிலாளிக்கு ஒரு தனிச் சங்கடம் இருக்கிறது. அவர் குடியிருக்கும் வீடு தோட்ட நிர்வாகத்துடையது. வேலை போனால் வீடும் போகும். கைதானதால் வேலை போய்விட்டால், "நிரந்தர முகவரி எது?" என்ற கேள்விக்குப் பதிலே இல்லாமல் நிற்பார். சொந்தத் தாமான் வீட்டுக்காரருக்கு இந்தத் தொல்லை இல்லை. இதை வழக்கறிஞரிடம் முதல் நாளே சொல்லிவிடுங்கள். டவுனில் இருக்கும் அக்காவோ மாமாவோ, "என் வீட்டில் வைத்துக்கொள்கிறேன்" என்று நீதிமன்றத்துக்கு வந்து சொன்னால் அந்த ஓட்டை அடைபடும்.

அடுத்தது சாட்சிகள். நகரத்தில் சாட்சியும் குற்றஞ்சாட்டப்பட்டவரும் ஒருவரை ஒருவர் பார்க்காமல் வருடக்கணக்கில் இருக்கலாம். தோட்டத்து லயத்தில் சாட்சி மூன்றாவது வாசல். ஒரே குழாயடி, ஒரே கோயில், ஒரே லாரி. டிபிபி, அதாவது அரசுத் தரப்பு வழக்கறிஞர், இதைச் சொல்லி எதிர்ப்பார், எதிர்ப்பதில் நியாயமும் உண்டு. வழக்கு முடியும்வரை வேறு ஊரில் தங்குவது, சாட்சிகளைத் தொடர்புகொள்ளாமல் இருப்பது, மாதம் ஒருமுறை போலீஸ் நிலையத்தில் கையெழுத்திடுவது, கடப்பிதழை ஒப்படைப்பது ஆகிய நிபந்தனைகளைத் தற்காப்புத் தரப்பே முன்வந்து கொடுத்தால் நீதிபதிக்கு வழி கிடைக்கும்.

இறந்தவர் குடும்பத்தாரும் காயம்பட்டவர் குடும்பத்தாரும் இதை ஒட்டியே தெரிந்துகொள்ள வேண்டிய ஒன்று: ஜாமீனில் வந்தவர் வாசலில் வந்து நின்று மிரட்டினால் பொறுத்துக்கொண்டிருக்கத் தேவையில்லை. உடனே போலீஸ் புகார் செய்து, புகார் எண்ணை விசாரணை அதிகாரியிடம் கொடுங்கள். கொடுத்த ஜாமீனை ரத்து செய்து மறுபடி பிடித்து வைக்கும் அதிகாரம் 388-இலேயே இருக்கிறது.

தொகையும் ஜாமீன்தாரரும்

389-ஆவது பிரிவு சொல்வது: தொகை, ஆளை நீதிமன்றத்துக்கு வரவைக்கப் போதுமானதாக இருக்க வேண்டும், ஆனால் அளவுக்கு மீறி இருக்கக் கூடாது. ஜாமீன் தொகை அபராதம் கிடையாது.

'அளவு' யாருடைய அளவு? 2025 முதல் குறைந்தபட்சச் சம்பளம் மாதம் 1,700 ரிங்கிட். 10,000 ரிங்கிட் ஜாமீன் என்பது அந்தச் சம்பளக்காரருக்கு ஏறக்குறைய ஆறு மாத உழைப்பு. ஆகவே சம்பளச் சீட்டு, பிள்ளைகளின் எண்ணிக்கை, வயதான பெற்றோர் என எல்லாவற்றையும் வழக்கறிஞர் வாயால் நீதிமன்றம் கேட்க வேண்டும். தொகை எட்டாததாக இருந்தால் குறைக்கச் சொல்லி உயர்நீதிமன்றத்தில் மனு போடலாம்.

ஜாமீன்தாரர் வழக்கமாக மலேசியக் குடிமகனாக இருக்க வேண்டும். குடியுரிமை இல்லாத நிரந்தரவாசிக்கான சிவப்பு அடையாள அட்டையோடு ஒரு வாழ்நாள் முழுவதையும் தோட்டத்தில் கழித்த அப்பா, தன் மகனுக்குக் கையெழுத்துப் போட முடியாமல் நிற்பது இதனால்தான். குடிமக்களுக்கான நீல அட்டை உள்ள உறவினர் ஒருவரை முன்கூட்டியே தயாராக வைத்துக்கொள்ளுங்கள்.

பணம் ஜாமீன்தாரர் பெயரில்தான் கட்டப்படும். அவர் பெயரில் வங்கிக் கணக்கு திறந்து, சேமிப்புப் புத்தகத்தை நீதிமன்றத்தில் ஒப்படைப்பது நெடுங்காலமாக உள்ள வழக்கம். இப்போது இ-ஜாமின் என்ற இணைய வழியும் இருக்கிறது. எதுவானாலும் பணம் ஏறி, பத்திரத்தில் கையெழுத்தான பிறகுதான் ஆளை விடுவார்கள். வெள்ளிக்கிழமை மதியம் உத்தரவு கிடைத்து, அலுவலக நேரத்துக்குள் பணம் கட்ட முடியாமல் போனால், திங்கள்வரை உள்ளேதான். அந்த அவசரத்தில் ஆலோங் எனப்படும் கந்துவட்டிக்காரரிடம் ஓடுகிறவர்கள் உண்டு. தயவுசெய்து போகாதீர்கள். வழக்கு ஒன்றிரண்டு ஆண்டு இழுக்கும், அவ்வளவு காலம் ஜாமீன் பணம் நீதிமன்றத்தில் முடங்கிக் கிடக்கும், வட்டியோ வாரந்தோறும் ஏறும். நகையை அடகுக்கடையில் வைப்பதுகூட அதைவிட மேல்.

ரிமாண்ட் நாள்களிலேயே செய்ய வேண்டியவை

1. விசாரணை அதிகாரியின் பெயரையும், எந்தப் பிரிவில் விசாரிக்கிறார்கள் என்பதையும் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள்.
2. வழக்கறிஞருக்கு வசதியில்லையென்றால் ஒய்பிஜிகே எனப்படும் தேசிய சட்ட உதவி அறவாரியத்தைக் கேளுங்கள். ரிமாண்டிலும் ஜாமீனிலும் அதன் வழக்கறிஞர்கள் உதவுகிறார்கள். மரண தண்டனை வழக்குகளை அது எடுப்பதில்லை. அவற்றுக்கு நீதிமன்றமே வழக்கறிஞரை நியமிக்கும்.
3. ஜாமீன்தாரரின் அடையாள அட்டை, முகவரிச் சான்று, குற்றஞ்சாட்டப்பட்டவரின் சம்பளச் சீட்டு, திருமண, பிறப்புச் சான்றிதழ்கள், மருத்துவக் கோப்பு ஆகியவற்றை ஒரே உறையில் போட்டு வையுங்கள்.
4. குற்றம் சாட்டப்படும் அன்று காலை 8 மணிக்கே ஜாமீன்தாரர் நீதிமன்றத்தில் இருக்கட்டும்.

ஜாமீன் கிடைத்த பிறகு

ஜாமீன்தாரர் கையெழுத்துப் போட்டதோடு வேலை முடியவில்லை. ஆள் தேதிக்கு வராவிட்டால் பிடியாணை போகும். ஜாமீன்தாரரைக் கூப்பிட்டு, "தொகையை ஏன் பறிமுதல் செய்யக்கூடாது?" என்று கேட்பார்கள். ஆள் ஓடிவிடுவான் போலத் தெரிந்தால், தன்னை விடுவிக்கச் சொல்லி 393-ஆவது பிரிவின்கீழ் ஜாமீன்தாரர் முன்கூட்டியே மனு செய்யலாம்.

தண்டனை விதிக்கப்பட்ட பிறகும் ஜாமீன் என்ற பேச்சு வரும். ஆனால் அப்போது ஆள் குற்றவாளி என்று தீர்ப்பாகிவிட்டவர் என்பதால் அளவுகோல் கடுமையாகிவிடும். நஜிப் 2020 ஜூலை 28-ஆம் தேதி தண்டிக்கப்பட்டும், மேல்முறையீடு முடியும்வரை தண்டனை நிறுத்தி வைக்கப்பட்டு, கூடுதலாக 10 லட்சம் ரிங்கிட் ஜாமீனில் வெளியே இருந்தார். 2022 ஆகஸ்ட் 23-ஆம் தேதி கூட்டரசு நீதிமன்றம் தீர்ப்பை உறுதி செய்த அன்றே சிறைக்குப் போனார். நான்கு ஆண்டு ஜாமீன், வழக்கின் முடிவை ஒரு துளியும் மாற்றவில்லை.

கொலை வழக்கில் உள்ளே இருக்கும் அந்த நால்வருக்கும் கதவு ஒரேயடியாக மூடிவிடவில்லை. அரசுத் தரப்பு 302-ஐ 304-ஆக, அதாவது கொலையாகாத மரணம் விளைவித்தலாக மாற்றுவது உண்டு. வழக்கறிஞர்கள் சட்டத்துறை அலுவலகத்துக்கு இதைக் கேட்டு மனு எழுதுவார்கள். 304-இல் மரண தண்டனை இல்லை. குற்றச்சாட்டு மாறிய நாளில், மறுத்த ஜாமீனைப் புதிதாகக் கேட்கலாம். அன்று அந்த உறையும் நீல அட்டைக்காரரும் நீதிமன்றத்தில் இருக்க வேண்டும்.